கதிரையை விட்டு இறங்கும் நடுவர்

ஆண்கள் தொழில்முறை டென்னிஸை நடத்துகிற ஏரிபி அமைப்புக்குச் சலஞ்சர் என்று, பெரிய சுற்றுக்கு ஒரு படி கீழே, ஒரு சுற்று இருக்கிறது. அந்தப் போட்டிகளைப் பற்றித் தமிழில் எழுதுகிறவர்கள் "இரண்டாம் தரக் களிமண் தரை டென்னிஸ்" என்று ஒரு வரி போட்டுவிட்டுப் போய்விடுவார்கள். அந்த ஒரு வரிக்குள் இரண்டு பிழை. அது களிமண்ணும் இல்லை, கடைத்தெருவில் நாம் சொல்கிற கருத்தில் இரண்டாம் தரமும் இல்லை. சொல்லைப் பிடித்துத் தொங்குகிறான் என்று நினைக்க வேண்டாம். இந்த இரண்டு சொல்லும் சரியாக விளங்காவிட்டால், அந்தத் தளத்தில் நடுவர் கதிரையை விட்டு இறங்கிப் போய், பந்து பட்ட அடையாளத்தைத் தேடி நிலத்தைக் குனிந்து பார்ப்பது வெறும் மினக்கேடாகத்தான் தெரியும். நான் எழுத வந்தது அந்த இறக்கத்தைப் பற்றி. ஆனால் மண்ணில் தொடங்காமல் அதற்குப் போக முடியாது.

களி என்றால் என்னவென்று மட்டக்களப்பு, அம்பாறைக்காரருக்கு வகுப்பெடுக்கத் தேவையில்லை. மாரி மழை விட்ட கையோடு வட்டைக்குள் இறங்கினால் செருப்பை விட்டுவிட்டுத்தான் காலை எடுக்கலாம். அதே நிலம் கச்சான் காலத்தில் விரல் போகிற அளவுக்கு வெடித்துக் கிடக்கும். நனைந்தால் ஊதும், காய்ந்தால் சுருங்கும். அதில் பந்தும் எழும்பாது, ஆளும் ஓட முடியாது. தொலைக்காட்சியில் சிவப்பாகத் தெரிகிற டென்னிஸ் தளத்தின் மேற்பரப்பு சுட்ட செங்கல்லை அரைத்த தூள். சூளைக்குள் போய் வந்த களி திரும்பக் களியாகாது. தண்ணீரைக் குடிக்கும், ஆனால் ஒட்டாது, ஊதாது. அந்தத் தளம் வேலை செய்வதே இந்த ஒரு குணத்தால்தான். பிரெஞ்சுக்காரர் அதைக் களி என்று சொல்வதில்லை, இடித்த மண் என்ற கருத்தில்தான் பெயர் வைத்திருக்கிறார்கள். களி என்பது ஆங்கிலத்தில் இருந்து நமக்கு வந்த பெயர்.

இதன் தொடக்கமே ஒரு சட்டி பானைக் கதை. 1880 அளவில் பிரான்சின் தென்கரையில் கான் நகரத்தில் ஆங்கிலேய டென்னிஸ் வீரர்களான ரென்ஷோ சகோதரர்கள் டென்னிஸ் பழக்கினார்கள். வெயிலில் புல் கருகிப் போனது. பக்கத்து ஊரான வல்லோரிஸ் குயவர் ஊர். அங்கிருந்து உடைந்த பானைகளின் தூளைக் கொண்டுவந்து புல்லுக்கு மேலே தூவினார்கள். பிறகு பானைக்குப் பதிலாகச் செங்கல் வந்தது. அமெரிக்காவில் சரசோட்டா போன்ற இடங்களில் நடக்கிற சலஞ்சர் போட்டிகளில் தளம் பச்சையாக இருக்கும். அது அரைத்த எரிமலைப்பாறை வகை, செங்கல் இல்லை. அதையும் நாம் களிமண் என்றுதான் எழுதுகிறோம்.

முழுத் தளமும் சிவப்பு மண் என்று நினைப்பதும் தவறு. பிரெஞ்சு ஓபன் நடக்கிற பாரிஸ் ரோலண்ட் காரோஸ் தளத்தை வெட்டிப் பார்த்தால் அடியில் கல்லும் சரளையும், அதன்மேல் 7, 8 சென்ரிமீற்றருக்கு நிலக்கரி எரிந்த கட்டி, அதற்கு மேலே 6, 7 சென்ரிமீற்றருக்கு நொறுக்கிய வெள்ளைச் சுண்ணாம்புக்கல். எல்லாவற்றுக்கும் மேலே 1 முதல் 2 மில்லிமீற்றர் மட்டும் செங்கல் தூள். சிவப்பு வெறும் பூச்சு. பந்து எழும்புவது கீழே இருக்கிற சுண்ணாம்புக்கல்லின் இறுக்கத்தால், கால் வழுக்குவது மேலே இருக்கிற தூளால். கீழ்ப்படை ஈரத்தைப் பிடித்து வைத்து மேலே விடும். அந்த ஈரம் நின்றுபோனால் மிச்சம் எல்லாம் குழம்பும்.

இங்கே ஒரு தளம் போடுவதாக வைத்துக் கணக்குப் பார்த்தால் விசயம் இன்னும் தெளிவாகும். கோடுகளுக்கு வெளியே ஓடுகிற இடத்தையும் சேர்த்து ஒரு தளம் 36.57 மீற்றர் நீளம், 18.29 மீற்றர் அகலம். ஏறக்குறைய 669 சதுர மீற்றர். 2 மில்லிமீற்றர் தடிப்புக்குத் தூள் போட 1.34 கன மீற்றர் போதும். நம் கணக்கில் அரைக் கியூப்புக்கும் கொஞ்சம் குறைவு. மணல் ஏற்றி வருகிற றக்ரர் பெட்டியில் ஏறக்குறையப் பாதி. சூளை இல்லாத ஊரா இது? உடைந்த கல் தாராளமாகக் கிடைக்கும். ஆனால் எந்தக் கல் என்று பார்க்க வேண்டும். சூளையின் ஓரத்தில் அரைவேக்காடாக நின்ற கல்லை அரைத்தால் முதல் மழையோடு அது திரும்பக் களியாகிவிடும். கருகிக் கண்ணாடி போல இறுகிய கல்லோ தண்ணீர் குடிக்காது, தூசாகத் தனியே நிற்கும். தட்டினால் மணி போல ஓசை வருகிற, நன்றாக வெந்த கல்தான் வேண்டும். அரைத்த பிறகு 2 மில்லிமீற்றர் அரிப்பால் அரிக்க வேண்டும். பெரிய மணி ஒன்று தங்கினாலும் பந்து பக்கவாட்டில் பாயும், காலுக்குக் கீழே குண்டு போல உருளும். "ஏன் இந்தத் தொல்லை, கிரவல் கொட்டி றோலர் அடித்தால் போதாதா" என்று கேட்கிறவர்கள் உண்டு. கிரவலில் சுடாத களி கலந்திருக்கிறது. றோட்டுக்கு அது நல்லது, அந்தக் களிதான் கல்லைப் பிடித்து வைக்கிறது. டென்னிஸ் தளத்தில் மழைக்குச் சப்பாத்தில் ஒட்டும், வெயிலுக்குப் பாளம் பாளமாகப் பெயரும்.

உண்மையான தலையிடி தண்ணீர். 669 சதுர மீற்றரில் 1 மில்லிமீற்றர் தண்ணீர் என்றால் 669 லீற்றர். காலையும் பின்னேரமும் 2 மில்லிமீற்றர் வீதம் அடித்தால் ஒரு நாளைக்கு 2,700 லீற்றருக்கு நெருங்கும். வீட்டுக் கூரையில் வைக்கிற ஆயிரம் லீற்றர் தாங்கி மூன்று, ஒரே தளத்துக்கு. ஆனி, ஆடியில் மேற்கில் இருந்து கச்சான் அடிக்கிற நாளில் அதுவும் காணாது. மத்தியானம் ஒருதரம் அடிக்காவிட்டால் மேலே கிடக்கிற தூள் காற்றோடு போய் வேலியில் படியும். தூள் போன இடம் வழவழப்பாகி மினுங்கும். ஆட்டக்காரன் சறுக்கி வருகிற வேகத்தில் அந்த இடத்தில் கால் சட்டென்று பிடித்தால் கணுக்கால் திரும்பும். கூடுதலாக அடித்தாலும் பிழை. தளம் மெத்தென்றாகி, குதி பதிகிற இடமெல்லாம் குழி விழும். பந்து ஈரத்தையும் தூளையும் வாரிக்கொண்டு பாரமாகும். அப்போது அனுபவமுள்ளவன் மட்டையின் நரம்பை ஒரு கிலோ தளர்த்திக் கட்டச் சொல்லி அனுப்புவான். தண்ணீர் அடிப்பவர் பார்க்கிற அளவு ஒன்றே: நிறம் கருஞ்சிவப்பாக மாற வேண்டும், ஆனால் எங்கும் தேங்கி மினுங்கக் கூடாது. களவெட்டி போடுகிறவர் ஈரம் பார்த்து மண்ணை இறுக்குவதைக் கண்டவருக்கு இது புதிதல்ல.

ஆட்டம் முடிந்ததும், பல இடங்களில் ஒவ்வொரு செற் முடிந்ததும், வலையோ கயிற்றுப் பாயோ கட்டி இழுப்பார்கள். வெளி ஓரத்தில் தொடங்கிச் சுருள் சுருளாக உள்ளே வர வேண்டும். அடிக்கோட்டுக்குப் பின்னால் கால் பட்டு ஒதுங்கிய தூள் அப்போதுதான் திரும்ப இடத்துக்கு வரும். நேர்நேராக இழுத்தால் தூள் எல்லாம் இரண்டு முனையிலும் போய்க் குவியும். கடைசியில் கோடுகளைச் சின்னத் தும்புத்தடி ஒன்றால் கூட்டுவார்கள். பல கழகங்களில் கோடு என்பது ஆணி அடித்த வெள்ளைப் பிளாஸ்ரிக் பட்டி. மண் இறங்கினால் பட்டி மேலே நிற்கும், அதில் பட்ட பந்து எங்கே பாயும் என்று சொல்ல முடியாது. ஐரோப்பாவில் குளிர்காலம் முழுக்கத் தளத்தை மூடிவிட்டு வசந்தத்தில் செத்த தூளைச் சுரண்டி எடுத்துப் புதிது போட்டு, நனைத்து, றோலர் அடித்து, இறுகும்வரை காத்திருப்பார்கள். இங்கே அந்த மூடுகாலம் ஐப்பசியில் தொடங்கி மாரியோடு முடியும், அவ்வளவுதான் வித்தியாசம். நாட்டில் இது இல்லாமலும் இல்லை. கொழும்பில் கறுவாத்தோட்டத்துச் சங்கத் தளங்கள் இந்தக் குடும்பம்தான், டேவிஸ் கிண்ண ஆட்டங்கள் அங்கே நடந்திருக்கின்றன.

அரிசிக்கடைத் தரமும் பள்ளிக்கூடத் தரமும்

நம் ஊரில் தரம் என்ற சொல்லுக்கு இரண்டு வாழ்க்கை. அரிசிக்கடையில் இரண்டாம் தரம் என்றால் குறுணி கலந்தது. பள்ளிக்கூடத்தில் தரம் 2 என்றால் தரம் 3 க்குப் போகிற வழி. சலஞ்சரை இரண்டாம் தரம் என்று எழுதுகிறவர் முதற்கருத்தில் எழுதுகிறார், வாசிக்கிறவரும் அப்படியே எடுத்துக்கொள்கிறார். போட்டி அமைந்திருப்பதோ இரண்டாவது கருத்தில்.

1978 இல் தொடங்கிய இந்தச் சுற்றில் இப்போது ஐந்து படி: 50, 75, 100, 125, 175. எண்தான் சம்பியனுக்குக் கிடைக்கிற தரவரிசைப் புள்ளி. இதற்குக் கீழே சர்வதேச டென்னிஸ் அமைப்பின் சிறு போட்டிகள், அதில் ஆகச் சின்னதை வென்றால் 15 புள்ளி. மேலே 250 இல் தொடங்குகிற பெரிய சுற்று. வழமையான சலஞ்சரில் பிரதான சுற்றுக்கு 32 பேர், தகுதிகாணுக்கு 24 பேர், அதில் இருந்து 6 பேர் உள்ளே வருவார்கள். பிரதான சுற்றில் நேரடியாக வந்தவர் முதல் ஆட்டத்தில் தோற்றால் புள்ளி பூச்சியம். தகுதிகாணில் இருந்து வருகிறவர் கிண்ணத்தைத் தூக்க ஏழு ஆட்டம் வெல்ல வேண்டும். கிராண்ட் ஸ்லாம் என்கிற நான்கு பெரிய போட்டிகளின் சம்பியனுக்கும் ஏழுதான், ஆனால் அவருக்கு இரண்டு கிழமை இருக்கிறது. இவருக்கு ஒன்று. ஐந்து செற் இல்லை என்பது உண்மை. செங்கல் தூளில் மூன்று செற் எவ்வளவு நேரம் இழுபடும் என்று பார்த்தவர்கள் அதைப் பெரிய சலுகையாகச் சொல்ல மாட்டார்கள். பந்து இங்கே வேகம் குறைந்து உயர எழும்பும். வேறு தளத்தில் ஒரே அடியில் முடிகிற புள்ளிக்கு இங்கே நாலு அடி வேண்டும். சேர்விஸை மட்டும் நம்பி வாழ்கிறவர் பட்டினி கிடப்பார். அடித்த பிறகு சறுக்குவது புதியவனின் பழக்கம். தெரிந்தவன் சறுக்கிக்கொண்டே வந்து, நிற்கிற கணத்தில் அடித்து, அதே மூச்சில் திரும்புவான்.

மேலே போகிற வாசல் எங்கே இருக்கிறது என்று தெரிந்தால் இந்தப் பூச்சியத்தின் கனம் விளங்கும். கிராண்ட் ஸ்லாம் ஒன்றின் 128 பேரில் தரவரிசையால் நேரடியாக உள்ளே போகிறவர்கள் ஏறக்குறைய 104 பேர். முதல் நூறுக்குள் இருப்பவருக்குப் பிழைப்பு, 150 இல் இருப்பவருக்குக் கடன். இந்தியாவின் சுமித் நாகல் 2019 இல் புவனஸ் அயர்ஸ் களிமண் சலஞ்சரை வென்றவர், அதே ஆண்டு அமெரிக்க ஓபனில் பெடரரிடம் முதல் செற்றை எடுத்தவர். 2023 இல் ரோமிலும் தம்பெரேயிலும் இரண்டு களிமண் சலஞ்சர் வென்றார். அதே ஆண்டு செப்டெம்பரில் தன் வங்கிக் கணக்கில் 900 யூரோ அளவுதான் இருக்கிறது என்று வெளிப்படையாகச் சொன்னார். ஒரே ஆண்டில் இரண்டு கிண்ணமும் 900 யூரோவும். பயிற்சியாளர், விமானச்சீட்டு, இயன்மருத்துவர் என்று போகிற செலவைப் பரிசுப்பணம் எட்டுவதில்லை. 2024 இல் சென்னை சலஞ்சரை வென்று நூறுக்குள் வந்தார், பெரிய சுற்றின் மொன்டி கார்லோ போட்டியில் ஒரு ஆட்டம் வென்றார், ஹைல்புரோன் களிமண் சலஞ்சரையும் எடுத்தார், ஜூலையில் 68 ஆம் இடம். இன்னொரு கரையில் ஸ்பெயினின் அல்கராஸ்: 2020 இல் 17 வயதில் இத்தாலியின் திரியெஸ்தே நகரில், இதே செங்கல் தூளில், முதல் சலஞ்சர் கிண்ணம். 2022 செப்டெம்பரில் உலக முதலிடம். ஜோகோவிச்சின் முதல் சலஞ்சர் கிண்ணமும் 2004 இல் புடாபெஸ்ட் களிமண்ணில்தான். குறுணி அரிசியில் இருந்து இப்படி வராது.

ஏரிபி அமைப்பு 2024 இல் குறைந்தபட்ச வருமான உத்தரவாதம் ஒன்று கொண்டுவந்தது. அந்த ஆண்டு முதல் நூறுக்கு 3 இலட்சம் டொலர், 175 வரை ஒன்றரை இலட்சம், 250 வரை 75 ஆயிரம். நல்ல காரியம், பிந்தி வந்தது. 251 ஆம் ஆளுக்கு அதில் ஒன்றும் இல்லை.

வரம்புத் தகராறு

இப்படி ஒரு ஆட்டம். மூன்றாவது செற். பந்து பக்கக் கோட்டுக்குக் கிட்ட விழுகிறது, வெளியே என்று குரல் வருகிறது. அடித்தவன் மட்டையால் நிலத்தைக் காட்டுகிறான். நடுவர் ஒரு கணம் பார்க்கிறார், பிறகு உயரக் கதிரையின் படிகளில் இறங்குகிறார்.

இறங்குவதற்கு முன்பே விதிகள் ஓடத் தொடங்கிவிடும். புள்ளியை முடித்த அடிக்கு, அல்லது ஆட்டக்காரர் அந்த இடத்திலேயே ஆட்டத்தை நிறுத்தினால் மட்டுமே அடையாளம் பார்க்கக் கேட்கலாம். திருப்பி அடித்துவிட்டு, அது வலையில் பட்ட பிறகு யோசித்துக் கேட்டால் சரிவராது. எதிராளியின் பக்கத்துக்கு வலையைத் தாண்டிப் போய்ப் பார்க்கக் கூடாது, போனால் ஒழுக்க மீறல். தீர்ப்பு வருமுன் அடையாளத்தைக் காலால் அழித்தவர் புள்ளியை விட்டுக்கொடுத்ததாகக் கணக்கு. அடையாளம் கண்டுபிடிக்க முடியாவிட்டால் முதலில் சொன்னது நிற்கும்.

நடுவர் நேரே கோட்டுக்கு ஓடுவதில்லை. கதிரையில் இருந்தே கண்ணை அந்த இடத்தில் வைத்துக்கொண்டு நடப்பார். கண்ணை எடுத்தால் போச்சு. ஒரு சாண் தூரத்துக்குள் நாலு அடையாளம் கிடக்கும், மூன்று பழையவை. சரியானதைத் தேர்ந்தெடுப்பதுதான் முழு வேலை. புதிய அடையாளம் கருமையாகவும் ஓரம் கூர்மையாகவும் இருக்கும், பழையதன் ஓரத்தில் காற்று தூளைத் தூவியிருக்கும். பந்து போன திசைக்கு அடையாளத்தின் நீளம் ஒத்துவர வேண்டும். குறுக்கே வந்த பந்துக்கு நேர்நீள அடையாளத்தைக் காட்டினால் அது வேறு பந்து. மேற்சுழற்சியோடு செங்குத்தாக இறங்கிய பந்து கட்டையான வட்டமாகப் பதியும், வெட்டி அடித்த பந்து நீண்டு வழுக்கி, போகிற முனையில் தூளைச் சின்னக் குவியலாகத் தள்ளியிருக்கும். பிறகுதான் கோடு. பந்து வெள்ளைப் பட்டியைத் தொட்டிருந்தால் மண்ணில் முழு முட்டை வடிவம் இராது. பட்டியில் தடம் பதியாது, ஒரு பக்கம் அறுந்து நிற்கும். அறுந்திருந்தால் உள்ளே. முழு வடிவமும் மண்ணில் இருந்து, அதற்கும் கோட்டுக்கும் நடுவில் கலையாத சிவப்பு தெரிந்தால் வெளியே. அரை விரல் அகலம் போதும்.

நம் பக்கத்தில் வரம்புத் தகராறு வந்தால் வட்டைவிதானையார் வீட்டு விறாந்தையில் இருந்து தீர்ப்புச் சொல்ல மாட்டார். இறங்கிப் போய், வரம்பில் நின்று, எது பழைய வெட்டு, எது புது வெட்டு என்று மண்ணைப் பார்த்துத்தான் சொல்வார். இரண்டு பக்கக்காரரும் கூடவே நிற்பார்கள். தீர்ப்புப் பிடிக்காவிட்டாலும், பார்த்தது மூன்று பேரும் ஒரே மண்ணை.

2025 இல் இருந்து ஏரிபி பெரிய சுற்று, களிமண் உட்பட, மின்னணுக் கமராவிடம் கோட்டைக் கொடுத்துவிட்டது. ரோலண்ட் காரோஸ் மட்டும் அந்த ஆண்டும் கோட்டு நடுவர்களோடு நின்றது. அதே ஆண்டு மட்ரிட்டில் டவிடோவிச் ஃபொகினாவோடு ஆடிய ஜேர்மன் வீரர் ஸ்வெரெவ், கமரா உள்ளே என்று சொன்ன பந்தின் அடையாளம் மண்ணில் வெளியே கிடக்கிறதென்று, பையில் இருந்து கைப்பேசியை எடுத்து அதைப் படம் பிடித்தார். நடுவர் எச்சரிக்கை கொடுத்தார். அந்தக் காட்சிதான் எனக்குள் இன்னும் அடங்காமல் இருக்கிறது. சீமெந்துத் தளத்தில் இப்படி ஒரு பிரச்சினை வராது, அங்கே நிலம் ஒன்றும் சொல்வதில்லை, கமரா சொன்னதுதான் பேச்சு. செங்கல் தூளில் நிலமும் சாட்சி சொல்கிறது. அந்தச் சாட்சியைக் கேட்க வேண்டாம் என்று இப்போது விதி.

கமராதான் கூடச் சரி என்று சொல்கிறவர்களோடு எனக்குச் சண்டை இல்லை. மண் பொய் சொல்லும். தூள் தடிப்பாகக் கிடந்தால் அடையாளம் பந்து பட்ட இடத்தைவிட அகலமாக விரியும், தூள் போன இடத்தில் பாதிதான் பதியும். பட்டி ஒரு மில்லிமீற்றர் மேலே நின்றால் அதன் விளிம்பை உரசிய பந்து கொஞ்சம் தள்ளிப் பதிந்து முழு வட்டம் போலக் காட்டும். பந்தின் விட்டம் ஆறரை சென்ரிமீற்றருக்குச் சற்று மேல், நிலத்தில் அமுங்கும், அமுங்கியபடியே கொஞ்சம் வழுக்கும். ஆனால் இந்தப் பொய்கள் ஒவ்வொன்றுக்கும் காரணம் இருக்கிறது, ஒவ்வொன்றும் முன்பு சொன்ன தண்ணீரிலும் கயிற்றுப்பாயிலும் போய் முடிகிறது. ஈரம் அளவாக இருந்து, செற்றுக்கு ஒருதரம் சுருளாக இழுத்து, கோட்டைக் கூட்டி வைத்த தளத்தில் நடுவருக்கு ஒரே ஒரு புது அடையாளம்தான் கிடைக்கும், அதன் ஓரமும் வெட்டினாற்போல இருக்கும். மத்தியானம் தண்ணீர் அடிக்காத தளத்தில் நாலு மங்கல் அடையாளத்துக்குள் அவர் ஊகிக்க வேண்டியதுதான். தளம் பார்க்கிறவர் காலையில் பாதித் தீர்ப்பை எழுதி வைத்துவிட்டுப் போகிறார் என்பேன். சம்பளப் பட்டியலில் அவர் எந்த இடம் என்று கேட்க வேண்டாம்.

பணம் உள்ள சுற்றில் கமரா இருக்கட்டும். சலஞ்சரிலும் அது படிப்படியாக வரும். அதுவரை, வலையின் இரு பக்கமும் 150 ஆம் இடத்துக்காரர் இருவர் நிற்கிற ஆட்டத்தில், தோற்றவன் பூச்சியத்தோடு அடுத்த ஊருக்கு ரயில் ஏறப்போகிற நாளில், நடுவர் இறங்கி வந்து தன் கண்ணால் பார்ப்பதை நான் நேரவிரயம் என்று எண்ண மாட்டேன்.

சலஞ்சர் ஆட்டங்களை ஏரிபி இலவசமாகவே இணையத்தில் ஒளிபரப்புகிறது. இத்தாலியில் காலை 11 மணி ஆட்டம் கோடையில் நமக்குப் பகல் 2.30, வெளியே கச்சான் அனல் அடிக்கிற நேரம். பெரும்பாலும் அடிக்கோட்டுக்குப் பின்னால் உயரத்தில் ஒரு கமரா, கிட்டப் போய்க் காட்டுகிற வசதி குறைவு. ஆகவே அடையாளம் நமக்குத் தெரியாது. குனிந்த முதுகொன்று தெரியும், பக்கத்தில் மட்டை முனையால் மண்ணைச் சுற்றி வட்டம் போடுகிறவன் தெரிவான். பிறகு நடுவர் நிமிர்வார். சுட்டுவிரல் மேலே போனால் வெளியே. உள்ளங்கை நிலத்தைப் பார்த்து விரிந்தால் உள்ளே.